பெரியவள் கையில் வளர்ந்தது

பெரியவள் தண்ணீர் ஊற்றினால் பிளாஸ்டிக் செடிகூட வாடிவிடும் என்று அந்தக் குடும்பத்தில் ஒரு பேச்சு உண்டு. பேச்சைத் தொடங்கி வைத்தவர் மாமியார். பரப்பிவிட்டது மற்ற எல்லோரும். இதில் வேடிக்கை என்னவென்றால், பெரியவளுக்குச் சோறு போடுவதே செடிகொடிதான். வேற்று நாட்டுப் பூச்சியும் களையும் கப்பலிலும் பார்சலிலும் ஏறி உள்ளே வந்துவிடாமல் பார்த்துக்கொள்ளும் அரசாங்க அலுவலகத்தில் அவள் அதிகாரி. ஒரு களையின் பெயரைச் சொன்னால் போதும், அது எந்த நாட்டில் எந்த ஏரியை மூடியது, எதன் வழியாகப் பரவும், எதைப் போட்டால் சாகும் என்று மூச்சுவிடாமல் ஒப்பிப்பாள். சாகடிக்கிற விவரம் அத்தனையும் தெரிந்தவளுக்கு வளர்க்கத் தெரியவில்லை என்றால் அதில் என்ன குற்றம் என்று நியாயமான ஆள் யாராவது கேட்டிருக்கலாம். அந்த வீட்டில் அப்படி ஒருவரும் இல்லை.

அதோடு நின்றிருந்தால் அவளும் சிரித்து மழுப்பிக்கொண்டே காலத்தை ஓட்டியிருப்பாள். ஆனால் கொழுந்தனுக்குக் கல்யாணம் ஆகிச் சின்னவள் வந்து சேர்ந்தாள். அவள் அதிகம் படிக்கவில்லை, அதிகம் பேசவும் மாட்டாள். யாரோ குப்பையில் போட்ட காய்ந்த குச்சியை எடுத்து மண்ணில் செருகுவாள். அடுத்த முறை போய்ப் பார்த்தால் குச்சியில் இலை இருக்கும். இப்படிச் செருகிச் செருகியே வீட்டுக்குப் பின்னால் ஒரு நர்சரி வைத்துவிட்டாள். கால்வாய்க் கரையை ஒட்டிய இடம். கொழுந்தனும் வேலையை விட்டுவிட்டு அவளுக்குத் தொட்டி தூக்கப் போய்விட்டார்.

“சின்னவ கைராசி அப்படி. கல்லை நட்டாலும் துளிர்க்கும்” என்பார் மாமியார். சொல்லிவிட்டு, பெரியவள் பக்கத்தில் இருந்தால், “உனக்குப் படிப்பு ராசிம்மா” என்று ஒரு ஆறுதலையும் சேர்த்துக்கொள்வார். அடித்த கையாலேயே தடவிக் கொடுப்பது அவருக்குக் கைவந்த கலை.

பெரியவளுக்குப் பொறாமை. இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல ஒன்றும் இல்லை. சின்னவள் நல்லவள் என்பது அந்தப் பொறாமையை இன்னும் கிளறிவிட்டது. ஒவ்வொரு முறை போகும்போதும் ஒரு செடி கொடுத்து அனுப்புவாள். அது பெரியவளின் பால்கனியில் தலை தொங்கிச் சாகும். “பரவாயில்லக்கா, இது கொஞ்சம் அழுத்தமான செடி, சாகாது” என்று வேறொன்று கொடுப்பாள். அதுவும் சாகும். தேள் கொட்டினால்கூட மருந்து உண்டு, இந்தப் பரவாயில்லக்காவுக்கு மருந்தே இல்லை என்று பெரியவள் தன் கணவரிடம் ஒருநாள் சொன்னாள். அவர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல், “நீ அதிகமாத் தண்ணி ஊத்துற” என்றார்.

இப்படி வயிறு எரிந்துகொண்டிருந்த நாளில்தான் நீலக்கம்மல் வந்தது.

அன்று ஞாயிற்றுக்கிழமை, குடும்பமே நர்சரியில் கூடியிருந்தது. சின்னவள் எல்லோரையும் உள்ளே கூட்டிப்போய்ப் புதிதாகக் கட்டிய சிமெண்ட் தொட்டியைக் காட்டினாள். மேலே தகரக் கூரை. தண்ணீர் தெரியாமல் பச்சை இலைகள் மூடிக் கிடந்தன. இலைக்கு நடுவில் காதில் போடுகிற கம்மல் அளவுக்கு நீலப் பூக்கள், நூறு இருக்கும், இருநூறும் இருக்கும்.

“மீன்தொட்டிக்குன்னு ஒரு செடி வரவழைச்சேன். அதோட வேர்ல ஒட்டிக்கிட்டு ஒரு துண்டு வந்துச்சு. தூக்கிப்போட மனசு வரல. பேர் தெரியல, நான் நீலக்கம்மல்னு வெச்சிருக்கேன்” என்றாள் சின்னவள்.

“ஒரு துண்டா? ஒரு துண்டுலயா இவ்வளவும்?” மாமியார் கன்னத்தில் கை வைத்துக்கொண்டார். “இதெல்லாம் கைராசி இல்லாம வேற என்னங்கறேன்!”

“தண்ணி நிறைய செலவாகுமே” என்றார் பெரியவளின் கணவர்.

“இல்ல மாமா. இந்தத் தொட்டித் தண்ணியைத்தான் மொண்டு மத்த செடிக்கெல்லாம் ஊத்துறேன். துணி கட்டி வடிகட்டித்தான் ஊத்துவேன். ஒரு சொட்டு வெளிய போகாது.”

பெரியவள் தொட்டியின் விளிம்பில் குனிந்து பார்த்தாள். இலையைத் திருப்பினாள். தண்டை விரலால் தடவிக் கணுவைப் பார்த்தாள். அவளுக்கு உள்ளுக்குள் குபீரென்று ஒரு சந்தோஷம் பொங்கியது. கைராசியாம், கைராசி! இதை அவள் புகைப்படத்தில் எத்தனை தடவை பார்த்திருக்கிறாள். படகு போக முடியாமல், மீன் மூச்சுவிட முடியாமல் ஏரி ஏரியாக மூடிப்போட்ட களை இது. இதை வளர்க்கக் கைராசி எதற்கு? கையே எதற்கு? தண்ணீரில் விழுந்தால் தானாகப் பெருகும். நூறு வருஷம் அடுப்படியில் புகைந்த ஒருத்திக்குக் காற்றாட ஜன்னல் திறந்த மாதிரி இருந்தது.

அப்போதே வாயைத் திறந்து, “இது களை, உடனே அழிக்கணும்” என்று சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை. சொல்லலாம் என்றுதான் நிமிர்ந்தாள். மாமியார் முகத்தைப் பார்த்ததும் வார்த்தை நின்றுவிட்டது. என்ன சொன்னாலும் ‘வயித்தெரிச்சல்ல பேசுறா’ என்பார்கள். வெறும் வாயால் சொல்லிப் பயனில்லை, கையில் அத்தாட்சி வேண்டும். எந்தச் செடியையும் தங்கவிடாத தன் கையிலேயே இது வளர்ந்துவிட்டால், அதற்கு மேல் என்ன அத்தாட்சி?

அவள் அலுவலகத்தில் ஒரு மாதிரி எடுப்பதென்றால் அதற்கு முறை இருக்கிறது. இரட்டை உறை வேண்டும், சீட்டு ஒட்ட வேண்டும், கூட ஒரு ஆள் இருக்க வேண்டும். எல்லோரும் காபிக்குப் போன சமயம், பெரியவள் கணுவோடு ஒரு துண்டைக் கிள்ளித் தன் தண்ணீர் பாட்டிலுக்குள் போட்டு மூடினாள். நிமிர்ந்தபோது சின்னவள் காபித் தட்டோடு கதவருகே வந்துகொண்டிருந்தாள்.

“அக்கா, சர்க்கரை கம்மியாத்தான் போட்டிருக்கேன்” என்றாள்.

“ம், குடு” என்றாள் பெரியவள்.

வீட்டுக்குப் போய்ப் பின்பக்கப் பால்கனியில் ஒரு கண்ணாடிக் குடுவையில் அதை விட்டாள். சோதனைக்குத்தான். நாலு நாள் பார்த்துவிட்டு அழித்துவிட வேண்டியதுதான் என்று நினைத்தாள். நாலாம் நாள் அதில் புது இலை விட்டிருந்தது. பெரியவள் ஜெயித்துவிட்டாள். கைராசி என்பது சுத்தப் புரளி என்று ருசுவாகிவிட்டது. குடுவையை எடுத்து உப்புத் தண்ணீரில் கொட்டிச் சாகடிக்க வேண்டியதுதான் பாக்கி.

ஆனால் இந்த இலை இருக்கிறதே, இது அவள் பால்கனியில் முதன்முதலாகத் துளிர்த்த இலை. கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்ததிலிருந்து அங்கே துளிர்த்த ஒரே உயிர். களை என்று அறிவுக்குத் தெரிகிறது, மனசு கேட்க வேண்டுமே! இன்னும் ஒரு வாரம் பார்க்கலாம், பூ வைத்தால் அடையாளம் இன்னும் உறுதியாகும் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள். குடுவை போதாமல் அகலப் பாத்திரத்துக்கு மாற்றினாள். பூ வைத்தது. காலையில் எழுந்ததும் முதல் வேலையாகப் போய் எத்தனை கம்மல் பூத்திருக்கிறது என்று எண்ணினாள்.

“இதென்ன, சின்னவ வீட்டுல பார்த்த செடி மாதிரி இருக்கு?” என்றார் கணவர். “அட, நீயா வளர்த்த?”

அந்த ‘நீயா’வில் இருந்த ஆச்சரியம் அவளுக்கு எரிச்சலாகவும் இருந்தது, இனிப்பாகவும் இருந்தது. “பின்ன பக்கத்து வீட்டுக்காரியா வளர்த்தா?” என்றாள்.

முதலில் தண்ணீர் மாற்றும்போதெல்லாம் டீ வடிகட்டியால் வடித்து, வடிகட்டியை வெந்நீரில் போட்டு எடுத்துத்தான் பால்கனி மூலையில் இருக்கிற ஓட்டையில் ஊற்றுவாள். ஒரு கணு, நகத்துணுக்கு அளவு இருந்தாலும் போதும், முளைத்துவிடும் என்று அவளைவிட யாருக்குத் தெரியும்? போகப் போக அந்தக் கவனம் தளர்ந்தது. ஊரார் வளர்க்கும் செடி என்றால் ஆயிரம் சந்தேகம் வருகிறது. சொந்தச் செடி என்று ஆனதும் சந்தேகம் எங்கே போனதோ தெரியவில்லை. வடிகட்டி சமையலறைக்குத் திரும்பிவிட்டது.

மூன்று மாதம் போயிருக்கும். ஒருநாள் காலை, களத்துக்குப் போய்ச் சோதனை செய்யும் ஊழியர் அவள் மேஜை மேல் ஒரு பிளாஸ்டிக் டப்பாவை வைத்தார். ஆறடிக்கு மேல் வளர்ந்திருந்ததால் அலுவலகத்தில் அவருக்கு நெட்டை என்று பெயர்.

“மேடம், கால்வாய்ல கிடைச்சது. பாலத்துக்குப் பக்கத்துல ஒரு பாய் அளவுக்குப் படர்ந்திருக்கு. என்னன்னு பாருங்க.”

டப்பாவுக்குள் நீலக்கம்மல். பாலம் சின்னவளின் நர்சரிக்குக் கொஞ்சம் கீழே, தண்ணீர் ஓடும் திசையில் இருக்கிறது.

இந்தத் தொழிலில் இருக்கிற எவரும் முதலில் கேட்கிற கேள்வி ஒன்று உண்டு. வேறு எங்கெல்லாம் இது இருக்கிறது? அந்தக் கேள்வி அன்று பெரியவளுக்குத் தோன்றவில்லை. தோன்ற அவள் விடவும் இல்லை. மனம் நேராகத் தகரக் கூரைக்கும் சிமெண்ட் தொட்டிக்கும்தான் ஓடியது. மாட்டினாளா! மீதி யோசனைக்கு அங்கே இடமில்லை.

ஆபத்தை எடைபோடும் படிவத்தை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். எதிலும் அவள் பொய் எழுதவில்லை. வேறு நாட்டில் நாசம் செய்திருக்கிறதா என்ற கேள்விக்கு ஆம் என்று எழுதினாள். நம் வெயிலுக்கும் தண்ணீருக்கும் தாங்குமா என்றதற்கும் ஆம். துண்டிலிருந்து முளைக்கும், தண்ணீரோடு போகும், பரவிவிட்டால் பிடுங்கி மாளாது. மனிதர்கள் மூலம் எப்படிப் பரவுகிறது என்ற இடத்தில், ‘விவரம் தெரியாத நர்சரிக்காரர்கள் அழகுக்காக வளர்ப்பதால்’ என்று அழுத்தி எழுதினாள். ஒவ்வொரு பதிலுக்கும் பக்கத்தில், உங்களுக்கு இதில் எவ்வளவு நிச்சயம் என்று ஒரு கட்டம் இருக்கும். எல்லாவற்றிலும் ‘முழு நிச்சயம்’. உண்மையை எழுதும்போதுகூட வயிறு எரிந்துகொண்டிருந்தால் அந்த உண்மையில் கருகல் வாசனை அடிக்கத்தான் செய்கிறது.

டைரக்டர் படித்துப் பார்த்தார். “நர்சரி யாருதுன்னு உங்களுக்குத் தெரியுமா?”

“என் ஓரகத்திதான் சார், கொழுந்தன் மனைவி. அதனாலதான் நானே முன்ன வந்து சொல்றேன். சொந்தம்னு மறைச்சுட்டேன்னு நாளைக்கு ஒரு பேச்சு வரக்கூடாது பாருங்க.”

“இந்த மாதிரி நேர்மை எல்லாருக்கும் வராதும்மா” என்றார் அவர். பெரியவள் அடக்கமாகத் தலையைக் குனிந்துகொண்டாள்.

மறுநாள் நர்சரிக்குச் சீல் வைக்கப் போனார்கள். பெரியவள் போகாமல் இருந்திருக்கலாம். போனாள். கொழுந்தன் கத்தினார், மாமியார் தலையில் அடித்துக்கொண்டார். சின்னவள் மட்டும் ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு நின்றாள்.

“அக்கா, தொட்டித் தண்ணி வெளிய போகாதுன்னு உங்களுக்குத் தெரியுமே?”

“மழையில நிரம்பி வழிஞ்சிருக்கும்.”

“மேல கூரை இருக்கேக்கா.”

பெரியவள் தொட்டிப் பக்கம் திரும்பிக்கொண்டாள். நெட்டைதான் விசாரித்தார். “இந்தச் செடியை யாருக்காவது வித்தீங்களாம்மா? சும்மா குடுத்தீங்களா? உண்மையைச் சொல்லிடுங்க, ஏன்னா மூலம் இதுதான்னு முடிவாச்சுன்னா லைசென்ஸே போயிடும்.”

சின்னவள் ஒருமுறை பெரியவளைப் பார்த்தாள். பிறகு நெட்டையைப் பார்த்து, “இல்லைங்க. விக்கவும் இல்ல, யாருக்கும் குடுக்கவும் இல்ல” என்றாள்.

தொட்டியில் மருந்து கொட்டினார்கள். நீலக்கம்மல் அன்றே கறுத்துப்போயிற்று. கேட்டில் சீல் வைத்தார்கள். விசாரணை முடியும்வரை யாரும் உள்ளே போகக் கூடாது, தண்ணீர் ஊற்றக்கூட. உள்ளே வரிசை வரிசையாக நின்ற செடிகளைச் சின்னவள் கம்பி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். கிளம்பும்போது, “நீங்க சொன்னா சரியாத்தான்க்கா இருக்கும்” என்றாள். குத்தலாகச் சொல்லியிருந்தால் பெரியவளுக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அவள் நிஜமாகவே சொன்னாள்.

அன்று மாலை மாமியார் போனில் வெடித்தார். “உன் கைதான் செடியைக் கருக்கும்னு நினைச்சேன். கண்ணும் கருக்கும்னு இப்பதான் தெரியுது.”

“அத்தை, நான் என் வேலையைச் செஞ்சேன்.”

“வேலையாம் வேலை!” என்று சொல்லி அவர் வைத்துவிட்டார்.

கணவர் அன்று பேப்பரைத் தொடவில்லை. “அதே செடிதானே நம்ம பால்கனியிலயும் இருக்கு?” என்று மட்டும் கேட்டார். ஆய்வுக்காக வைத்திருப்பதாகச் சொன்னாள். அவர் நம்பினார். அவளை நம்புவது அவருக்குப் பழகிப்போயிருந்தது.

விசாரணைக்கு முன்னால் கால்வாயை முழுக்க நடந்து பார்த்து அறிக்கை கொடுக்க வேண்டும். அடுத்த வாரம் பெரியவளும் நெட்டையும் ரப்பர் பூட்ஸ் போட்டுக்கொண்டு பாலத்தடியில் இறங்கினார்கள். ஓடுகிற தண்ணீரில் களையின் மூலத்தைக் கண்டுபிடிப்பது லேசான வேலை. துண்டுகள் கீழ்நோக்கித்தான் போகும். எதிர்த்து நடந்துகொண்டே போனால், கடைசியாகச் செடி இருக்கிற இடம்தான் மூலம். புதிதாக வேலைக்குச் சேருகிறவர்களுக்கு இதைப் பாடம் எடுப்பதே பெரியவள்தான். “கால்வாய் யாருக்காகவும் மேல ஓடாது” என்று சொல்லிச் சிரிக்க வைப்பாள்.

நர்சரியின் பின்சுவர் வந்தது. “இங்கயோட முடியணும்” என்றாள்.

முடியவில்லை. சுவரைத் தாண்டியும் கரையோரம் ஒரு கொத்து இருந்தது. அதற்கு மேலே இன்னொன்று. நெட்டை திரும்பிப் பார்த்தார். “மேடம், இது நர்சரிக்கு மேல இருக்கே?”

“காக்கா தூக்கிட்டு வந்து போட்டிருக்கும்” என்றாள். சொன்ன வாய்க்கே அது சகிக்கவில்லை.

மேலும் நடந்தார்கள். போகப் போகக் கொத்துகள் நெருங்கின. ஒரு வளைவில் மழைநீர்க் குழாய் ஒன்று கால்வாய்க்குள் வாயைத் திறந்துகொண்டிருந்தது. அதன் அடியில் நீலக்கம்மல் திரைச்சீலை போலத் தொங்கிக்கொண்டிருந்தது. நெட்டை அதற்கு மேலே வெகுதூரம் போய்விட்டு வந்தார்.

“மேல ஒண்ணுமே இல்ல மேடம், சுத்தமா இருக்கு. இந்தக் குழாய்தான். இது எங்கிருந்து வருது?” அண்ணாந்து பார்த்தவர், “அட, இது உங்க அபார்ட்மெண்ட் இல்ல?” என்றார் கள்ளமில்லாமல். “உங்க கட்டடத்துலயே யாரோ வளர்க்கறாங்க மேடம்! நாளைக்கு வீடு வீடா ஏறிப் பார்த்துடுவோம்.”

பெரியவள் குழாயைப் பார்த்தாள். அது சுவரோடு ஏறி ஒவ்வொரு மாடியின் பால்கனியையும் தொட்டுக்கொண்டு போயிற்று. அவளுடைய பால்கனி அங்கிருந்தே தெரிந்தது. பாத்திரத்தின் விளிம்பில் நீலம்கூடத் தெரிந்த மாதிரி இருந்தது. காலுக்கு அடியில் சேறு இழுத்தது.

வீட்டுக்கு வந்தவள் பூட்ஸைக்கூடக் கழற்றாமல் பால்கனிக்குப் போனாள். பக்கெட்டில் தண்ணீர் பிடித்து உப்பைக் கொட்டினாள். பாத்திரத்தைக் கவிழ்த்தால் போதும். நெட்டை நாளைக்கு வந்து பார்ப்பார், ஒன்றும் இருக்காது. யாரோ ஒருவர் நர்சரியில் வாங்கி வந்து வளர்த்துப் பயந்துபோய் அழித்துவிட்டார் என்று அறிக்கை எழுதலாம். எல்லோரும் நம்புவார்கள். விக்கவும் இல்லை, குடுக்கவும் இல்லை என்ற சின்னவளின் வார்த்தைதான் பொய்யாகும். லைசென்ஸ் போகும். நர்சரி மண்ணோடு மண்ணாகும். கல்லை நட்டாலும் துளிர்க்கும் என்ற பேச்சும் அதோடு ஒழியும்.

இத்தனை வருஷமாக இதற்குத்தானே ஆசைப்பட்டாள்? வயிறு குளிர வேண்டுமே, ஏன் குளிரவில்லை என்று அவளுக்கே புரியவில்லை. கம்பிக்கு இந்தப் பக்கம் ஈரக் கையோடு நின்றவள் திரும்பத் திரும்பக் கண்ணுக்குள் வந்தாள். வெட்கமாக இருந்தது. வெட்கத்துக்கு அடியில் வழக்கமான எரிச்சலும் அப்படியேதான் இருந்தது. சின்னவளை ஜெயிக்க வேண்டும், சந்தேகமே இல்லை. ஒருநாளாவது அவளைவிட ஒரு படி மேலே நிற்க வேண்டும். ஆனால் கள்ளாட்டம் ஆடி ஜெயித்தால், தான் தோற்றது தனக்கு மட்டும் தெரிந்துகொண்டே இருக்கும். அதை எந்தக் குழாயில் கொண்டுபோய்க் கொட்டுவது?

உப்புத் தண்ணீர்ப் பக்கெட்டை ஓரமாக நகர்த்தினாள். பாத்திரத்தில் இருந்ததை இரட்டை உறையில் போட்டு, வாயை இறுகக் கட்டி, மேலே சீட்டு ஒட்டினாள். எடுத்த இடம் என்ற வரியில் தன் வீட்டு முகவரியை எழுதினாள். முறைப்படி செய்தாள், மூன்று மாதம் தாமதமாக.

மறுநாள் காலை அதை டைரக்டரின் மேஜை மேல் வைத்தாள். “சார், கால்வாய்க்குப் போனது இதிலிருந்துதான். நர்சரியில கேக்காம கிள்ளிட்டு வந்தது நான்.”

அவர் உறையைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். “எதுக்கும்மா?”

பொறாமையில் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அந்தப் படிவத்தில் எத்தனையோ கட்டம் இருந்தது, அதற்கு மட்டும் கட்டம் இல்லை. “அவ கைராசி பொய்னு காட்டணும்னு நினைச்சேன் சார்” என்றாள். டைரக்டருக்கு ஒன்றும் புரியவில்லை. வாசலில் நின்ற நெட்டைக்குப் புரிந்துவிட்டது போல, அவர் மெல்ல அந்தப் பக்கம் நகர்ந்துகொண்டார்.

அன்று மதியமே நர்சரியின் சீலை உடைத்தார்கள். தொட்டியில் வளர்த்த தவறுக்குச் சின்னவளை எச்சரித்து விட்டுவிட்டார்கள். பெரியவளை ஆபத்தை எடைபோடும் வேலையிலிருந்து தூக்கினார்கள். துறை விசாரணை முடியும்வரை கால்வாயில் களை பிடுங்கும் குழுவை மேற்பார்வை பார்க்கும்படி உத்தரவு. ஆள் போதாததால் மேற்பார்வை என்பது பாதி நாள் பிடுங்குவதாகவே இருந்தது. “ஊருக்கெல்லாம் சகுனம் சொல்லுமாம் பல்லி, தான் போய் விழுந்துதாம் கழனிப் பானையில துள்ளி” என்று மாமியார் சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் போன் போட்டுச் சொன்னார். வெறும் வாயை மெல்லுகிறவருக்கு அவல் கிடைத்தால் விடுவாரா?

கணவர் மட்டும் காலையில் அவள் பூட்ஸைத் துடைத்து வாசலில் வைத்திருந்தார்.

களை பிடுங்கத் தொடங்கிய இரண்டாம் நாள், பெரியவள் இடுப்பளவு தண்ணீரில் நின்றுகொண்டிருந்தபோது கரையிலிருந்து யாரோ இறங்கினார்கள். சின்னவள். புடவையைத் தூக்கிச் செருகியிருந்தாள், கொழுந்தனின் பழைய பூட்ஸ் அவள் காலில் தொளதொளத்தது.

“நீ எதுக்கு வந்த?”

“என் தொட்டியில பொறந்ததுதானேக்கா.” சின்னவள் பக்கத்தில் வந்து குனிந்தாள். பிடுங்கிய முதல் செடியே வேரோடு முழுசாக வந்தது. பெரியவள் இழுத்தது பாதியில் முறிந்து கணு தண்ணீருக்குள்ளேயே தங்கிவிட்டது. நெட்டை பாய்ந்து வந்து வலையால் அதை அள்ளினார்.

கூடை பாதி நிறைந்தது. கடைசியில் பெரியவளுக்குத் தாங்கவில்லை. “சீல் வெச்சிருந்தப்ப உள்ள பாதி செடி காஞ்சு போச்சாமே. திட்டணும்னா திட்டிடு. இப்படிப் பேசாம நிக்காத.”

“மல்லிக்கன்னு மட்டும்தான் போச்சு. மத்ததெல்லாம் தழைச்சிடுச்சுக்கா.”

தழைக்கத்தான் செய்யும். பெரியவள் பல்லைக் கடித்துக்கொண்டாள். “நான் கிள்ளினதை நீ எப்போ தெரிஞ்சுக்கிட்ட? ஆபீஸ்ல சொன்னாங்களா?”

“அன்னைக்கே தெரியும்.”

“என்னைக்கு?”

“காபி கொண்டுவந்தேனே, அன்னைக்கு. பாட்டில்ல போட்டு மூடுறதைப் பார்த்தேன்.”

பெரியவள் நிமிர்ந்தாள். கையிலிருந்த கொத்திலிருந்து தண்ணீர் சொட்டியது. “அப்ப சீல் வைக்க வந்தப்ப ஏன் சொல்லல? யாருக்காவது குடுத்தியான்னு அவர் கேட்டாரே! சொல்லியிருந்தா உன் கடை தப்பிச்சிருக்குமே!”

“நான் குடுக்கலையே, அதனால குடுக்கலன்னு சொன்னேன்” என்றாள் சின்னவள். “அத்தனை பேர் முன்னாடி உங்களை எப்படிக்கா காட்டிக்குடுக்கிறது? வீட்டு மனுஷியாச்சே.” இன்னொரு செடியை வேரோடு உருவிக் கூடையில் போட்டாள். பிறகு தயங்கித் தயங்கி, “அதுவும் இல்லாம, அன்னைக்கு நீங்க அதைக் கிள்ளும்போது உங்க முகத்தைப் பார்த்தேன். பாவமா இருந்துச்சு. இவங்க கையில ஒண்ணாவது வளரட்டும்னு நினைச்சேன்” என்றாள்.

பெரியவளுக்கு அழுகை வரவில்லை. உச்சந்தலைவரைக்கும் பற்றிக்கொண்டுதான் வந்தது. பெரியவள் ஊரறியக் காட்டிக்கொடுத்தாள், இவள் ஊரறியாமல் காப்பாற்றினாள். அவள் வேலையைப் பணயம் வைத்து உண்மையைச் சொன்னதே தன் வாழ்க்கையின் பெரிய காரியம் என்று இரண்டு நாளாக நினைத்துக்கொண்டிருந்தாள். அதற்கும் முன்னாலேயே, வாயைத் திறக்காமல், அதைவிடப் பெரிய காரியத்தை ஒருத்தி செய்து முடித்துவிட்டுக் காபிக்குச் சர்க்கரை கம்மி என்று பேசிக்கொண்டிருந்திருக்கிறாள். இனி எத்தனை வருஷம் தலைகீழாக நின்றாலும் இவளை எட்டிப் பிடிக்க முடியாது என்று பெரியவளுக்கு முழு நிச்சயமாகத் தெரிந்தது.

ஆத்திரத்தில் ஒரு பெரிய கொத்தைப் பிடித்து இழுத்தாள். அது நடுவில் முறிந்தது.

“பரவாயில்லக்கா” என்றாள் சின்னவள். “கையைத் தண்ணிக்குள்ள விட்டு, அடியில பிடிங்க. இங்க பாருங்க, இப்படி.”

பெரியவள் பார்த்தாள். வேறு வழியில்லை, களை அழிய வேண்டுமானால் வேரோடு வர வேண்டும். கையைத் தண்ணீருக்குள் விட்டு, சின்னவள் காட்டிய இடத்தில் பிடித்தாள்.